ஒலிம்பியாவா, ரோமா? ஒரு வாரம் மட்டும் இருந்தால் எங்கே போவது

என் மச்சான் ஒரு கிராமத்துப் பள்ளியில் பி.டி. வாத்தியார். இருபது வருடமாகப் பிள்ளைகளுக்கு ஓடவும் தாண்டவும் சொல்லிக்கொடுப்பவர். போன மாதம் போன் போட்டு, "மாப்பிள்ளை, சீட்டுப் பணம் கைக்கு வந்திருக்கு. ஒரு வாரம் ஐரோப்பா போகலாம்னு இருக்கேன். ஒலிம்பிக்ஸ் பிறந்த ஒலிம்பியாவையும் பார்க்கணும், ரோம்ல கொலோசியம் அரங்கையும் பார்க்கணும், ரெண்டும் முடியுமா?" என்று கேட்டார். முடியும், ஆனால் ரெண்டையும் அரைகுறையாகத்தான் பார்ப்பீர்கள், ஒன்றைத் தேர்ந்தெடுங்கள் என்றேன். எதை என்று கேட்டதற்குப் போனில் சொன்ன பதில் போதவில்லை, அதனால்தான் இதை எழுதுகிறேன். இரண்டு பக்கமும் போய், வெயிலில் கால் கடுக்க நடந்தவன் என்ற முறையில் சொல்கிறேன். அழகான கட்டடம் எது, போட்டோவுக்கு எது நல்லது என்பதல்ல இங்கே கேள்வி. அந்தக் காலத்து மனிதர்கள் எப்படி ஓடினார்கள், எப்படி மோதினார்கள், அதை யார் எங்கிருந்து பார்த்தார்கள் என்பது எந்த இடத்தில் நன்றாகப் புரியும், அதுதான் கேள்வி.

முதலில் பெயரில் இருந்தே தொடங்கலாம். கிரேக்கத்தில் "ஸ்டேடியன்" என்பது ஒரு தூரத்தின் பெயர், 600 அடி. அப்புறம் அந்தத் தூரத்தை ஓடும் பந்தயத்துக்கும் அதே பெயர் வந்தது, ஓடுகிற இடத்துக்கும் அதே பெயர் வந்தது. இத்தாலியில் எரிமலைச் சாம்பலில் புதைந்துபோன பொம்பெயி நகரத்து அரங்கைக் கட்டியவர்கள் வைத்த கல்வெட்டில் அந்தக் கட்டடத்தின் பெயர் "ஸ்பெக்டாகுலா", அதாவது பார்க்கும் இடம். ஒருவர் ஓடுவதை வைத்துப் பெயர் வைத்தார், இன்னொருவர் பார்ப்பதை வைத்துப் பெயர் வைத்தார். இந்த இரண்டு நாடுகளில் எங்கே போனாலும் இதை மனதில் வைத்துக்கொண்டு நடங்கள், கல்லெல்லாம் தானே பேசும்.

சரி, ரோம்.

கொலோசியத்தைப் பற்றி ஏற்கெனவே எல்லோருக்கும் கொஞ்சம் தெரியும். பேரரசர் வெஸ்பாசியன் தொடங்கி, மகன் டைட்டஸ் கி.பி. 80-இல் 100 நாள் கேளிக்கையோடு திறந்துவைத்தது, 189 மீட்டர் நீளம், 156 மீட்டர் அகலம், ஐம்பதாயிரம் பேர் உட்காரலாம் என்பது பொதுவான கணக்கு. அவர்களுக்கு முன் ஆண்ட பேரரசர் நீரோ தன் அரண்மனைக்காக வெட்டிய செயற்கை ஏரி இருந்த இடத்தில்தான் இதைக் கட்டினார்கள். உள்ளே போனதும் வாய் பிளந்து நிற்போம், அதில் சந்தேகமே இல்லை. ஆனால் நான் அதிக நேரம் நின்றது உள்ளே அல்ல, வெளியே வடக்குப் பக்கத்து வளைவுகளுக்குக் கீழேதான். மேலே அண்ணாந்து பார்த்தால் வளைவுக்கு வளைவு ரோமன் எண் செதுக்கியிருக்கிறது. மொத்தம் 80 வாசல், அதில் 76-க்கு எண் உண்டு, இன்றைக்கு 23 முதல் 54 வரை நிற்கிறது. கையில் இருக்கும் டோக்கனில் என்ன எண்ணோ அந்த வாசலில் நுழைய வேண்டும், அது உங்களை உங்கள் தகுதிக்கு ஏற்ற வரிசையில் கொண்டுபோய் விடும். செனட்டர்களுக்குக் களத்தை ஒட்டிய இடம், அதற்கு மேலே வசதி படைத்தவர்கள், அதற்கும் மேலே சாதாரண மக்கள், எல்லாவற்றுக்கும் மேலே பெண்களும் ஏழைகளும். ஒரு ஊரின் மொத்த ஏற்றத்தாழ்வையும் கல்லில் அடுக்கிவைத்த மாதிரி. களத்துக்குக் கீழே இருக்கும் சுரங்க அறைகளில் மிருகங்களைக் கூண்டோடு ஏற்றும் கப்பிகள் இருந்தன, அதில் ஒன்றை 2015-இல் மறுபடி செய்து வைத்திருக்கிறார்கள்.

ஆனால் அந்தக் களத்தில் ஒரு நாள் எப்படி நடந்தது என்று தெரிந்துகொண்டு போங்கள், இல்லாவிட்டால் வெறும் பிரமாண்டம்தான் மிஞ்சும். காலையில் மிருக வேட்டை. மதியம் தண்டனைக் கைதிகளைக் கொல்வது. மாலையில்தான் கிளாடியேட்டர்கள், அதாவது ஆயுதத்தோடு ஒருவரோடொருவர் மோதும் வீரர்கள். அந்த மதிய நேரக் கொலைகளைப் பார்க்கப் போன தத்துவவாதி செனெகா, கூட்டத்துக்குள் போய் வந்ததில் தான் முன்பைவிடக் கொடியவனாகத் திரும்பினேன் என்று ஒரு கடிதத்தில் எழுதியிருக்கிறார் (கொலோசியம் கட்டுவதற்கு முன்பே அவர் இறந்துவிட்டார், அவர் பார்த்தது வேறு அரங்கு). கிளாடியேட்டர் சண்டைக்கு விதி உண்டு, நடுவர் உண்டு, தோற்றவரை உயிரோடு விடுவதும் நிறைய நடந்தது. திறப்பு விழா நாட்களில் பிரிஸ்கஸ், வெரஸ் என்ற இருவர் நெடுநேரம் மோதி, இருவரும் ஒரே நேரத்தில் தோல்வியை ஒப்புக்கொள்ள, டைட்டஸ் இருவருக்குமே விடுதலைக்கு அடையாளமான மரவாளைக் கொடுத்தார் என்று கவிஞர் மார்ஷியல் பாடியிருக்கிறார். இதெல்லாம் அங்கே நின்றால் தெரியுமா என்றால், தெரியாது. உட்காரும் கல்வரிசைகள் பெரும்பாலும் போய்விட்டன, களத்தின் பெரும்பகுதிக்குத் தளம் இல்லை, சுற்றிலும் எள் விழ இடமில்லாத கூட்டம். சுரங்கத்துக்கும் களத்துக்கும் தனி டிக்கெட், அதையும் முன்கூட்டியே பெயரோடு, நேரத்தோடு பதிவு செய்ய வேண்டும்.

பக்கத்திலேயே நடக்கிற தூரத்தில் சர்க்கஸ் மாக்சிமஸ், தேர்ப் பந்தயம் நடந்த களம். இதை ஏனோ பலரும் தாண்டிப் போய்விடுகிறார்கள், இப்போது அது புல்வெளிப் பள்ளம், அவ்வளவுதான், காசும் வேண்டாம். ஆனால் ரோம் மக்களின் உண்மையான பைத்தியம் இங்கேதான் இருந்தது. 600 மீட்டருக்கு மேல் நீளம், கொலோசியத்தைப் போல மூன்று மடங்கு கூட்டம். சிவப்பு, வெள்ளை, நீலம், பச்சை என்று நாலு அணி, ஒவ்வொரு பந்தயமும் ஏழு சுற்று, சுற்று எண்ண ஒரு பக்கம் முட்டை வடிவம், இன்னொரு பக்கம் டால்ஃபின் வடிவம். லுசிடானியாவில் இருந்து, அதாவது இன்றைய போர்ச்சுகல் பக்கத்தில் இருந்து வந்த டியோக்ளிஸ் என்ற தேரோட்டி 24 வருடம் ஓட்டி, 4,257 பந்தயத்தில் 1,462 ஜெயித்து, 42 வயதில் உயிரோடு ஓய்வு பெற்றார். உயிரோடு என்று அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. 2,048 வெற்றி கண்ட ஸ்கார்பஸ் 26 வயதிலேயே போய்விட்டார். தெற்கு ஓரத்துச் சரிவில் உட்கார்ந்து அந்த நீளத்தைக் கண்ணால் அளந்து பார்த்தால் தேர் திரும்புகிற இடம் ஏன் அவ்வளவு ஆபத்து என்று கொஞ்சம் பிடிபடும். ஆனால் கற்பனை முழுக்க நம்முடையதுதான், கல் எதுவும் உதவாது.

இத்தாலிதான் என்று முடிவெடுத்தவர்களுக்கு நான் உறுதியாகச் சொல்வது, ரோமுக்கு ஒரு நாள் போதும், மீதி நாட்களை நேப்பிள்ஸில் தங்கிப் பொம்பெயிக்குக் கொடுங்கள். வேகமான ரயிலில் ரோமில் இருந்து ஒன்றேகால் மணி நேரத்துக்குள் நேப்பிள்ஸ், அங்கிருந்து உள்ளூர் ரயில். பொம்பெயி அரங்கு கி.மு. 70-ஐ ஒட்டிக் கட்டியது, இன்றைக்கு நமக்குத் தெரிந்த கல் அரங்குகளில் இதுதான் பழையது, கொலோசியத்துக்கு 150 வருடம் மூத்தது. சுரங்கம் இல்லை, கப்பி இல்லை, படி வெளிப்பக்கம் ஏறுகிறது. இருபதாயிரம் பேர் வரை உட்காரலாம். ஆனால் பொம்பெயியின் சிறப்பு அரங்கு அல்ல, அரங்கைப் பற்றி ஊர் பேசிய பேச்சு சுவரிலேயே கிடப்பதுதான். இன்ன செல்வந்தர் 20 ஜோடி கிளாடியேட்டர்களை இறக்குகிறார், அவர் மகன் 10 ஜோடி, வேட்டையும் உண்டு, வெயிலுக்குப் பந்தல் துணியும் உண்டு என்று தெருச் சுவரில் பெரிய எழுத்தில் விளம்பரம். கிளாடியேட்டர்கள் தங்கிய வீட்டுத் தூணில், செலாடஸ் என்பவனைப் பார்த்துப் பெண்கள் பெருமூச்சு விடுகிறார்கள் என்று கீறியிருக்கிறது. நகரத்துக்கு வெளியே கல்லறை ஒன்றின் மேல் யாரோ கிறுக்கிய படத்தில் மார்கஸ் அட்டிலியஸ் என்ற புதுமுகம், 14 சண்டை கண்ட ஹிலாரஸைத் தோற்கடிக்கிறான். ஹிலாரஸ் பெயருக்குப் பக்கத்தில் ஒற்றை எழுத்து, எம். "விடப்பட்டான்" என்று அர்த்தம், தோற்றும் பிழைத்தான். கிளாடியேட்டர் என்றாலே சாவு என்று சினிமா பார்த்து நினைத்துக்கொண்டிருந்த எனக்கு அந்த ஒரு எழுத்து போதுமாக இருந்தது. இந்தச் சுவர் எழுத்துகளில் பல மங்கிவிட்டன, படியெடுத்து வைத்திருப்பதால்தான் நமக்கு வாசகம் தெரிகிறது, அதனால் போவதற்கு முன் கொஞ்சம் படித்துவிட்டுப் போவது நல்லது.

இன்னொன்று, கி.பி. 59-இல் இந்த அரங்கில் நடந்த ரகளை. பக்கத்து ஊரான நுசேரியாவில் இருந்து வந்த ரசிகர்களுக்கும் உள்ளூர்க்காரர்களுக்கும் முதலில் வாய்ச்சண்டை, அப்புறம் கல், அப்புறம் கத்தி. நுசேரியாக்காரர்கள் நிறையப் பேர் செத்தார்கள், ரோம் செனட் இந்த ஊருக்குப் பத்து வருடம் கிளாடியேட்டர் ஆட்டமே கூடாது என்று தடை போட்டது. வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் இதை எழுதியிருக்கிறார் என்பது ஒரு பக்கம், இந்த ரகளையை ஒரு பொம்பெயிக்காரர் தன் வீட்டுச் சுவரில் ஓவியமாகவே வரைய வைத்திருக்கிறார் என்பது இன்னொரு பக்கம்! அந்த ஓவியம் இப்போது நேப்பிள்ஸ் தொல்பொருள் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. மேலே பந்தல் துணி பாதி விரித்திருக்கிறது, வெளியே மரத்தடியில் கடைகள், களத்திலும் படியிலும் தெருவிலும் ஆட்கள் அடித்துக்கொள்கிறார்கள். அதே அருங்காட்சியகத்தில் கிளாடியேட்டர்களின் வெண்கலத் தலைக்கவசங்களும் உண்டு. செவ்வாய்க்கிழமை விடுமுறை, மறந்துவிடாதீர்கள்.

இப்போது கிரேக்கம். ஏதென்ஸில் இறங்கினால் ஒலிம்பியா ஏறக்குறைய 300 கிலோமீட்டர், ரயில் கிடையாது, பேருந்தில் பிர்கோஸ் போய் மாற வேண்டும் அல்லது கார் எடுக்க வேண்டும். போக ஒரு நாள், வர ஒரு நாள் கணக்கு வைத்துக்கொள்ளுங்கள். பலர் இதற்காகவே ஒலிம்பியாவை விட்டுவிடுகிறார்கள்.

எனக்கும் முதல் ஐந்து நிமிடம் ஏமாற்றமாகத்தான் இருந்தது. விழுந்து கிடக்கும் தூண்கள், மரங்கள், அங்கங்கே ஒரு சுவர். அடிப்படையில் இது ஒரு கோயில் வளாகம், போட்டி என்பது கிரேக்கர்களின் தலைமைத் தெய்வமான ஜீயஸின் கோயில் திருவிழாவின் ஒரு பகுதி. கி.மு. 776 என்பது மரபாகச் சொல்லும் முதல் வருடம். பிற்காலத்தில் ஐந்து நாள் திருவிழா, நடுநாளில் நூறு மாடு பலி. ஆவணி மாதத்து வெயில், குடிக்க நல்ல தண்ணீர் இல்லை, குளிக்க வசதி இல்லை, நெரிசல், கூச்சல் என்று எபிக்டெட்டஸ் என்ற தத்துவவாதி பட்டியலே போட்டு, இத்தனையும் இருந்தும் போகிறீர்களா இல்லையா என்று கேட்கிறார். கூட்டம் போனது, ஆயிரம் வருடத்துக்கு மேல் போனது.

ஓட்டக்களத்துக்குப் போகிற வழியில் இடது பக்கம் வரிசையாகக் கல் பீடங்கள் நிற்கும், மொத்தம் 16. சாதாரணமாகத் தெரிவதால் எல்லோரும் நடந்துபோய்விடுவார்கள், நீங்கள் நில்லுங்கள். ஏமாற்றி மாட்டியவர்கள் கட்டிய அபராதத்தில் செய்த ஜீயஸ் வெண்கலச் சிலைகள் இவற்றின் மேல் நின்றன. சிலைகள் போய்விட்டன, சில பீடங்களின் மேல் பாதம் பதித்த குழி மட்டும் இருக்கிறது. முதல் ஆறு சிலைகள் கி.மு. 388-இல் தெஸ்ஸலியைச் சேர்ந்த யூபோலஸ் என்ற குத்துச்சண்டைக்காரன் மூன்று எதிராளிகளுக்குப் பணம் கொடுத்ததால் வந்தவை, பணம் வாங்கியவர்களும் அபராதம் கட்டினார்கள். ஒரு பீடத்தில், ஒலிம்பியா வெற்றி காசால் வருவதில்லை, காலின் வேகத்தாலும் உடம்பின் பலத்தாலும் வருவது என்று எழுதியிருந்ததாக பயணி பௌசானியஸ் சொல்கிறார். ஒவ்வொரு வீரனும் ஓடப் போகும்போது இவற்றைத் தாண்டித்தான் போக வேண்டும். எங்கள் மச்சான் மாதிரி ஒரு வாத்தியாருக்கு இதைவிட நல்ல வகுப்பறை எங்கே கிடைக்கும்!

அதைத் தாண்டி ஒரு கல் வளைவு, வளைவைத் தாண்டினால் களம். வெறும் மண். இரண்டு பக்கமும் புல் சரிவு. நாற்பதாயிரம் பேருக்கு மேல் கூடிய இடத்தில் கல் இருக்கை என்று பார்த்தால் நடுவர்களுக்கு மட்டும் தெற்குப் பக்கம் ஒரு சின்ன மேடை, எதிர்ப்பக்கம் டிமீட்டர் தெய்வத்தின் பலிபீடம். அந்தத் தெய்வத்தின் பூசாரிப் பெண் ஒருவருக்குத்தான் மணமான பெண்களில் இதைப் பார்க்க அனுமதி. மற்ற எல்லோரும், ராஜாவாக இருந்தாலும், மண் சரிவில்தான். கொலோசியத்தின் 80 வாசலையும் பார்த்துவிட்டு இங்கே வந்தால் இந்த வெறுமை எவ்வளவு பேசுகிறது என்று தெரியும்.

தொடக்கக்கோடு ஒரு கல் வரிசை, அதில் இணையாக இரண்டு பள்ளக்கோடு. நான் செருப்பைக் கழற்றிவிட்டு, முன் கோட்டில் இடது கால் விரல்களையும் பின் கோட்டில் வலது கால் விரல்களையும் பதித்து நின்றேன். விரல் சரியாகப் பிடிக்கிறது. கல் சூடு. பாதங்களுக்கு நடுவே ஒரு சாண் இடைவெளிகூட இல்லை, அதனால் இப்போதைய ஓட்டக்காரர்கள் மாதிரி கையை ஊன்றிக் குனிய முடியாது, கையை முன்னால் நீட்டிச் சாய்ந்து நிற்கத்தான் முடியும். படத்தில் பார்த்தபோது அந்த நிலை எனக்கு விளங்கவே இல்லை, கல்லில் நின்றதும் உடம்பே அப்படிப் போய் நின்றது. எதிர்முனைக் கல் வரை 192.27 மீட்டர். ஓடலாம், யாரும் தடுக்க மாட்டார்கள். வெயிலில் பாதி தூரத்திலேயே எனக்கு மூச்சு வாங்கிவிட்டது, ஆனால் ஓடினேன்.

அருங்காட்சியகங்களில் இரண்டு மணி நேரம் ஒதுக்குங்கள். 143 கிலோ எடையுள்ள ஒரு கல் இருக்கிறது, பைபான் என்பவன் இதை ஒற்றைக் கையால் தலைக்கு மேல் எறிந்தான் என்று அதிலேயே செதுக்கியிருக்கிறது. நம்புவது நம் இஷ்டம்.

இதனால் கிரேக்கர்கள் உத்தமர்கள், ரோமர்கள் கொடியவர்கள் என்று நான் சொல்வதாக நினைக்க வேண்டாம். பாங்கிரேஷன் என்ற சண்டையில் கடிப்பதும் கண்ணைத் தோண்டுவதும் தவிர ஏறக்குறைய எல்லாமே செல்லும், கி.மு. 564-இல் அரிகியன் என்பவர் எதிராளி தோல்வியை ஒப்புக்கொண்ட அதே நொடியில் உயிரை விட்டு, பிணமாகவே மகுடம் வாங்கினார். தேர்ப் பந்தயத்தில் மகுடம் ஓட்டியவருக்கு இல்லை, குதிரைக்குச் சொந்தக்காரருக்கு. ஸ்பார்ட்டா இளவரசி கினிஸ்கா களத்துப் பக்கமே வராமல் கி.மு. 396-இலும் 392-இலும் ஜெயித்தது அப்படித்தான் (பெண்களுக்கு அதுதான் ஒரே வழியாக இருந்தது, அதை அவர் எடுத்துக்கொண்டது எனக்கு ரொம்பப் பிடிக்கும்). கி.பி. 67-இல் நீரோ பத்துக் குதிரைத் தேர் ஓட்டி, கீழே விழுந்து, பந்தயத்தை முடிக்காமலே ஜெயித்ததாக அறிவிக்கப்பட்டதும் இதே ஒலிம்பியாவில்தான். வித்தியாசம் களத்தில் இறங்குகிறவர் யார் என்பதில் இருக்கிறது. கிரேக்கத்தில் ஊர்க் குடிமகன், பெரிய வீட்டுப் பிள்ளை உட்பட, தானே துணியைக் கழற்றிவிட்டு இறங்கினான், ஒரு ஒலிவ இலை மகுடத்துக்காக. ரோமில் குடிமகனின் இடம் படிக்கட்டு. களம் பெரும்பாலும் அடிமைக்கும் கைதிக்கும், கடனுக்கோ காசுக்கோ தன்னை விற்றுக்கொண்டவனுக்கும்.

கிரேக்கம் போகிறவர்கள் தயவுசெய்து நெமியாவைத் தவறவிடாதீர்கள். ஏதென்ஸில் இருந்து 120 கிலோமீட்டருக்குள், ஒலிம்பியா போகிற பாதையில் கொஞ்சம் விலகினால் போதும். ஒலிம்பியா மாதிரி இங்கேயும் ஒரு போட்டி கி.மு. 573-இல் தொடங்கியது, இப்போது பார்க்கும் களம் கி.மு. 330-ஐ ஒட்டியது. போட்டியை ஆர்கோஸ் நகரத்துக்கு மாற்றிவிட்டதால் சில பத்து வருடம்தான் புழங்கியது, அதனாலேயே ரோமர் காலத்து மாற்றம் எதுவும் இல்லாமல் அப்படியே கிடைத்தது. வீரர்கள் உடை மாற்றிய கூடம் இருக்கிறது, அதில் இருந்து களத்துக்குப் போக 36 மீட்டர் சுரங்கப்பாதை. உள்ளே சில்லென்று இருட்டு. சுவரில் கையை வைத்துத் தடவிக்கொண்டே போனால் கீறல்கள் தட்டுப்படும். தங்கள் முறைக்குக் காத்திருந்த பையன்கள் கீறியது. "நான் ஜெயிக்கிறேன்" என்று ஒருவன். "அக்ரோடாடஸ் அழகன்" என்று ஒருவன் எழுத, பக்கத்தில் இன்னொருவன், "எழுதினவனுக்கு" என்று சேர்த்திருக்கிறான். 2,300 வருடம் ஆகிறது, எந்தப் பள்ளிக்கூட பெஞ்சிலும் இதே கை எழுதும். 1996 முதல் இங்கே சில வருடங்களுக்கு ஒருமுறை யார் வேண்டுமானாலும் பதிவு செய்து வெறுங்காலில், வெள்ளை அங்கியில் ஓடலாம், ஜெயித்தவருக்குக் காட்டுச் செலரி இலை மகுடம். தேதி ஒத்துவந்தால் பயணத்தையே அதற்கேற்ப மாற்றிக்கொள்ளலாம்.

கிரேக்கத்திலேயே டெல்ஃபி என்ற ஊரின் களம் மலைச்சரிவில் உயரத்தில், பார்க்க ஒலிம்பியாவைவிட அழகு. ஆனால் பாறை விழும் என்று வேலி போட்டிருக்கிறார்கள், உள்ளே இறங்க முடியாது. அங்கே இருக்கும் வெண்கலத் தேரோட்டி சிலைக்காக மட்டும் போகலாம் என்பவர்கள் உண்டு, நானும் அந்தக் கட்சிதான், இருந்தாலும் ஒரு வாரக் கணக்கில் இடிக்கும். ஏதென்ஸ் பளிங்கு ஸ்டேடியம் 1896 ஒலிம்பிக்ஸுக்காகப் புதுப்பித்தது, ஊருக்கு நடுவே இருக்கிறது, விமானம் ஏறும் நாள் காலையில் முடித்துவிடலாம்.

ஆக, குடும்பத்தோடு போகிறீர்கள், கூட வருகிறவர்களுக்கு வரலாறு இரண்டாம் பட்சம், நல்ல சாப்பாடு, கடைத்தெரு எல்லாம் வேண்டும் என்றால் இத்தாலி, அதிலும் ரோம் ஒன்று, நேப்பிள்ஸ் நாலு. கூட்டம் ஏன் கூடியது, ரசிகன் என்ன நினைத்தான் என்பதில்தான் ஆர்வம் என்றாலும் அதேதான், பொம்பெயிச் சுவருக்கு இணை கிரேக்கத்தில் இல்லை. ஓடியவன், மல்லுக்கட்டியவன் பக்கம் இருந்து பார்க்க வேண்டும் என்றால் கிரேக்கம். முதல் நாள் ஏதென்ஸ், இரண்டாம் நாள் நெமியா, மூன்றும் நாலும் ஒலிம்பியா, திரும்பி வந்து மிச்ச நாளில் அக்ரோபோலிஸ். ஏப்ரல், மே அல்லது அக்டோபர். ஜூலை, ஆகஸ்ட் வேண்டவே வேண்டாம், எபிக்டெட்டஸ் சொன்ன வெயில் இன்னும் அங்கேதான் இருக்கிறது. இரண்டு நாடும் ஒரே ஷெங்கன் விசாவில் அடங்கும், அதிக நாள் தங்கும் நாட்டில் விண்ணப்பித்தால் சரி.

மச்சான் கிரேக்கம் என்று முடிவு செய்துவிட்டார். டிக்கெட் போட்ட கையோடு பள்ளிக்குப் பின்னால் இருக்கும் ஏரிக்கரைப் பொட்டலில் 192 மீட்டரை டேப் வைத்து அளந்து, இரண்டு முனையிலும் சுண்ணாம்புக்கோடு போட்டு, பிள்ளைகளை நின்றபடியே கிளம்பி ஓட வைத்திருக்கிறார். போய்த் திரும்பி வரும் இரட்டை ஓட்டத்தையும் முயன்று பார்த்தார்களாம், நட்ட ஒற்றைக் கம்பத்தைச் சுற்றித் திரும்பும்போது எல்லோரும் ஒருவர் மேல் ஒருவர் விழுந்து ஒரே களேபரம். "அங்கே ஆளுக்கு ஒரு கம்பமா, எல்லாருக்கும் ஒண்ணா?" என்று நேற்று ராத்திரி கேட்டார். தொடக்கக் கல்லைக் குனிந்து பாருங்கள் மச்சான், தடத்துக்குத் தடம் கம்பம் நடுகிற சதுரக் குழி வெட்டியிருக்கும்.